ஐஸ் பெட்டி மூடி

பிப்ரவரி 3, திங்கள்

ஆஸ்பத்திரியில நவநீதம் சிஸ்டர் எழுதச் சொன்னாக, அதனால எழுதுறேன். ஒன்பதாப்பு வரைக்கும் படிச்சவ நான். எழுத்து கோணமாணலா இருக்கும், யாரும் சிரிக்கப்புடாது. இது ஐஸ் கம்பெனிக்காரன் மார்க்கெட்ல எல்லாருக்கும் குடுத்த டைரி. கிழிச்சு அடுப்புப் பத்தவைக்கலாம்னு வச்சிருந்தேன். இப்ப வேலைக்கு ஆகிருச்சு.

என் பேரு பஞ்சவர்ணம். வயசு நாப்பத்தெட்டு. மதுரையில மீன் மார்க்கெட்ல மீன் அறுத்துக் குடுக்குறது தொழில். வாங்குன ஆளுக கொண்டாந்து போடுவாக, நான் செதில் சீவி, கொடல் எடுத்து, துண்டு போட்டுக் குடுப்பேன். அருவாமனைப் பலகையில காலை மடக்கி உக்காந்தா விடியக்காலம் நாலு மணியில இருந்து மத்தியானம் வரைக்கும் எந்திரிக்கிற சோலி இல்ல. கீழ அரிச்சப்ப, ஈரத்துல உக்காந்தா அரிக்காம என்ன செய்யும்னு விட்டுட்டேன். நாலு வருசம்.

எங்க ஆளுகளுக்கு ஐஸ்லயும் முள்ளுலயும் கை வெடிச்சா படிகாரத் தண்ணியில கல்லுப்புப் போட்டு முக்கி வைப்போம். தோலு இறுகிரும், மறுநாள் வேலைக்கு ஆகும். கைக்குக் கேக்குறது அங்கனயும் கேக்கும்னு அதையே ஊத்திக் கழுவுனேன். ஆத்தாடி, அந்த எரிச்சலு! பல்லைக் கடிச்சுக்கிட்டு சுவத்தைப் பிராண்டுவேன். எரிஞ்சா குணமாகுதுன்னு நெனப்பு. டாக்டரம்மாட்டச் சொன்னப்ப அவுக தலையில அடிச்சுக்கிட்டாக.

இன்னொரு கூத்தும் நடந்துச்சு. மார்க்கெட்ல நாளைக்கு நூறு தடவை அந்த எடத்துப் பேரைச் சொல்லித்தான் ஒருத்தரை ஒருத்தர் வையுறோம். "எங்கம்மா அரிக்கிது?"ன்னு டாக்டரம்மா கேக்க, என் வாய் கட்டிக்கிருச்சு. அந்த எடம், அங்கன, கீழன்னு கால் மணி நேரம் ஒளறுனேன். எனக்கே சீன்னு போச்சு.

போன மாசம் மரத்துப்போக ஊசி போட்டு, அரிசி அளவு தோலைக் கிள்ளி எடுத்துச் சோதனைக்கு அனுப்புனாக. இன்னைக்கு முடிவு. புத்துநோய் இல்ல. ஆனா விட்டா ஆகிரும். மேல்தோல்ல கெட ஆரம்பிச்சிருக்கு, இன்னும் உள்ள எறங்கல. எனக்கு வெளங்குன மாதிரி எழுதுறேன்: மீன் செவுளு செவப்புல இருந்து பழுப்புக்கு மாறுற நேரம். இன்னும் நாறல.

ஒரு கிருமியாம். ஆம்பளை பொம்பளை சேர்றதுல வர்றது. வந்து வருசக்கணக்கா உள்ள படுத்துக் கெடக்குமாம். எப்ப வந்துச்சு, யாருட்ட இருந்து வந்துச்சுன்னு ஒருத்தராலயும் சொல்ல முடியாதாம். நெறைய பேருக்கு வந்து அதுவாப் போயிருமாம், எனக்குப் போகல. நான் பத்தொம்பது வயசுல கழுத்தை நீட்டுனவ. வேற ஒருத்தன் நெழலு என்மேல பட்டதில்ல. எங்க வீட்டுக்காரரு காசிமாயன் பதினஞ்சு வருசம் லாரி ஓட்டுனவரு, இப்ப மார்க்கெட்ல லோடு ஆட்டோ ஓட்டுறாரு. அதுக்கு மேல நான் எழுதல.

மருந்து சின்னச் சின்னக் கவர்ல கிரீமா இருக்கு. திங்கள், புதன், வெள்ளி படுக்கப்போற முந்தி தடவணும், காலையில கழுவணும். பதினாறு வாரம். செவக்கும், உரியும், எரியும், பயந்து நிறுத்திராத, தாங்கலேன்னா வந்து சொல்லுன்னு சிஸ்டர் சொன்னாக. "மருந்து போட்ட அன்னைக்கு வீட்டுக்காரர் பக்கத்துல வரக்கூடாது. சொல்லிருவியா?"ன்னும் கேட்டாக. "நான் சொன்னா கேப்பாரு சிஸ்டர்"னு சொல்லிட்டு வந்தேன்.

பிப்ரவரி 5, புதன்

ரெண்டாவது தடவை போட்டேன். லேசா எரிச்சல். கன்னம் வீங்கியிருக்கு. வீட்டுல மிச்ச மீன் போட்டு வைக்கிற பெரிய ஐஸ் பெட்டி இருக்கு, அதோட மூடி தெறிச்சு மொகத்துல அடிச்சிருச்சு. ஒடம்புல எது நடந்தாலும் எழுதுன்னு சிஸ்டர் சொன்னதால எழுதுறேன். மருந்துக்கும் இதுக்கும் சம்பந்தமில்ல.

பிப்ரவரி 9, ஞாயிறு

இன்னைக்கு மார்க்கெட்ல ஒரு பயலைச் சாத்துனேன். குடிச்சுட்டு வந்து எனக்குப் பக்கத்துப் பலகை சீனியம்மா மாராப்பைப் புடிச்சு இழுத்தான், வெளங்காத பய. அவ கத்துறா, சுத்தி நின்ன ஆம்பளைக எல்லாம் மீனைப் பாக்குறாய்ங்க. நான் எந்திரிச்சேன். அறுத்து வச்சிருந்த பாறைமீன் தலை, மூணு கிலோ இருக்கும், செவுளுக்குள்ள கையை விட்டுத் தூக்கி அவன் பின்கழுத்துப் பொடதியில ஒரே போடு. குப்புற விழுந்தான், மொகம் ரத்தத் தண்ணி ஓடுற சாக்கடைக்குள்ள. அவன் கையைக் காலால மிதிச்சுக்கிட்டுச் சொன்னேன்: "இன்னொரு தடவை கை நீட்டுன, வெரலை நறுக்கிக் கொடலோட சேத்துப் பூனைக்குப் போட்டுருவேன்." அவன் பல்லு ஒண்ணு போயிருச்சு. தேடி எடுத்து அவன் பையிலயே போட்டு அனுப்பினேன்.

"மதினி, நீ ஆம்பளையாப் பொறந்திருக்கணும்"னா சீனியம்மா. "பொம்பளையாப் பொறந்ததுக்கே இவ்வளவு மருந்து தடவுறேன்"னு நெனச்சுக்கிட்டேன், சொல்லல.

மார்க்கெட்ல பஞ்சவர்ணம்னா பயம்தான். வீட்டுக்கு வந்து கொழம்பு வச்சேன். உப்புக் கூடிப்போச்சு. ஞாயித்துக்கெழமை மருந்து கெடையாது, அதனால அவரு ஒண்ணும் சொல்லல.

பிப்ரவரி 14, வெள்ளி

கிரீம் போட்டேன். படியில விழுந்துட்டேன்.

பிப்ரவரி 17, திங்கள்

கிரீம் போட்டேன். நல்ல எரிச்சல். ஐஸ் பெட்டி மூடி மறுபடியும். இந்தத் தடவை விலாவுல.

பிப்ரவரி 20, வியாழன்

நேத்துப் போட்டது தீயை வச்ச மாதிரி இருக்கு. செவந்து, தோலு உரிஞ்சு, ஒண்ணுக்குப் போனா உசுரு போகுது. பலகையில உக்கார முடியல. சீனியம்மா எங்கிட்டோ போயி பழைய ஆட்டோ டியூப்பைக் காத்தடிச்சுக் கொண்டாந்து போட்டா. அதுமேல உக்காந்து சங்கரா மீனு நாப்பது கிலோ அறுத்தேன்.

"மூலமா மதினி?"

"ஆமா."

"கழுத்துல என்ன?"

"ஐஸ் பெட்டி மூடி."

அவ கையில இருந்த நண்டைத் தட்டுல போட்டுட்டு என்னையே பாத்தா. "ஒங்க வீட்டு ஐஸ் பெட்டிக்கு அஞ்சு வெரல் இருக்கும்போல மதினி."

சீலையை இழுத்து மூடிக்கிட்டு, ஒன் சோலியைப் பாருடின்னு வஞ்சுட்டேன். பாவம், டியூப்பு குடுத்தவ.

பிப்ரவரி 26, புதன்

கிரீம் போட்டேன். விழுந்துட்டேன். எங்கனன்னு எழுதத் தேவையில்ல.

மார்ச் 3, திங்கள்

ஆஸ்பத்திரி. டாக்டரம்மா பாத்துட்டு, "நல்லாக் கேக்குது, கெட்ட தோலு சுருங்கி வருது. இன்னும் மூணு மாசம், விட்டுராத பஞ்சவர்ணம்"னாக. எனக்குச் சந்தோசம் தாங்கல. வரும்போது வடை வாங்கித் தின்னேன்.

சிஸ்டர் டைரியைப் படிச்சாக. முழுசும் படிச்சாக. "மார்க்கெட்ல சண்டையெல்லாம் எழுதியிருக்க?"ன்னு சிரிச்சாக. அப்புறம் சிரிக்காம, "வீட்டுல படி எத்தனை?"ன்னு கேட்டாக. ரெண்டுன்னேன். ம்னு சொல்லிட்டுத் திருப்பிக் குடுத்துட்டாக.

மார்ச் 7, வெள்ளி

கிரீம் கவரை எடுத்துட்டுப் போயி மருந்துக்கடையில காட்டி, இது எதுக்குன்னு கேட்டிருக்காரு எங்க வீட்டுக்காரரு. அந்த எடுபட்ட பயலும் இருக்குறதையும் இல்லாததையும் ஒளறியிருக்கான். சாயங்காலம் வந்து "எவன்ட்ட வாங்குன?"ன்னாரு. பேச்சு வந்துச்சு. பேசி முடிஞ்சுச்சு.

கிரீம் போட்டேன்.

மார்ச் 8, சனி

வேலைக்குப் போகல. மீன் முள்ளு குத்தி ஒதடு வீங்கிப்போச்சு.

மார்ச் 10, திங்கள்

கிரீம் போட்டேன். எரியல. விழல.

மார்ச் 12, புதன்

கிரீம் போட்டேன். எரியல. விழல.

மார்ச் 21, வெள்ளி

அதேதான்.

மார்ச் 23, ஞாயிறு

அவரு மல்லிகைப்பூவும் அல்வாவும் வாங்கியாந்தாரு. ரெண்டு வாரமா வீட்டுல சத்தமே இல்ல. பக்கத்து வீட்டுக்காரி, "ஊருக்குக் கீருக்குப் போயிட்டீகளோன்னு பாத்தேன்"னா. புண்ணு ஆறிருச்சு. டியூப்பை சீனியம்மாட்டத் திருப்பிக் குடுத்துட்டேன். திருப்பூர்ல கட்டிக்குடுத்த மக போன் போட்டா. அப்பா எப்புடிம்மா இருக்காருன்னா. தங்கமா இருக்காருன்னேன். அல்வாவுல நெய்யே இல்ல.

ஏப்ரல் 11, வெள்ளி

அரிப்பு திரும்பிருச்சு. கையை வச்சுப் பாத்தா பழைய எடத்துல சொரசொரன்னு தடிப்பு, பக்கத்துல புதுசா ஒண்ணு. உக்காரவும் முடியல, நிக்கவும் முடியல. படிகாரத் தண்ணி ஊத்துனேன். கத்துனேன். எழுதக்கூடாது, எழுதிட்டேன்.

கிரீம் போட்டேன்னு எழுதிக்கிறேன்.

ஏப்ரல் 28, திங்கள்

இன்னைக்கு நடந்ததை முழுசா எழுதப்போறேன். எழுதாம இந்தப் பேனாவைக் கீழ வைக்கப்போறதில்ல.

டாக்டரம்மா பாத்ததும் மொகம் மாறிப்போச்சு. "போன தடவை சுருங்கினது இப்ப ரெண்டு மடங்கா இருக்கு. மருந்து போடுறியா?"ன்னாக. போடுறேன்னேன். மறுபடியும் தோலு எடுத்தாக, ரெண்டு எடத்துல.

வெளிய வந்ததும் சிஸ்டர் என்னை மருந்து வைக்கிற ரூமுக்குள்ள கூட்டிப்போயி கதவைச் சாத்துனாக. டைரியை விரிச்சு வச்சாக. செவப்புப் பேனா எடுத்து, நான் கிரீம் போட்ட நாளையெல்லாம் சுழிச்சாக. அப்புறம் நான் விழுந்த நாளையெல்லாம் சுழிச்சாக. சுழிமேலயே சுழி விழுந்துச்சு.

"ஏம்மா பஞ்சவர்ணம், நீ செவ்வாக்கெழமை விழுறதே இல்லையே? வியாழக்கெழமையும் விழல. ஞாயித்துக்கெழமை ஒருத்தனைப் பல்லு ஒடைய அடிச்சிருக்க, அன்னைக்குக்கூட விழல. மருந்து போட்டா மட்டும் விழுற."

சிஸ்டர் மார்ச் மாசத்துப் பக்கத்தைத் திருப்புனாக.

"மார்ச் பத்துக்கு மேல நீ விழவே இல்ல. எரியவும் இல்ல. தடவுனா எரியாம இருக்குற மருந்து இல்லம்மா இது. எத்தனை பேருக்குக் குடுத்திருக்கேன். இப்ப நீயே சொல்லு, கவரெல்லாம் எங்க?"

மார்க்கெட்டையே வாயால அடக்குறவ, அந்த ரூம்ல மூக்கு ஒழுக ஒழுக அழுதேன்.

ஐஸ் பெட்டி மூடி என்னைக்குமே என்னை அடிச்சதில்ல. அது பிளாஸ்டிக்கு, எலுமிச்சங்கா அளவு கனம்கூட இல்ல. அடிச்சது காசிமாயன். மருந்து போட்டிருக்கேன், இன்னைக்கு வேணாம்னு சொன்ன ஒவ்வொரு தடவையும் அடிச்சான். பிப்ரவரி அஞ்சு கன்னத்துல அறைஞ்சான். பதினாலு முடியைப் புடிச்சுப் படியில இழுத்தான். பதினேழு விலாவுல மிதிச்சான். பத்தொம்பது கழுத்தை நெரிச்சான். இருவத்தாறு அடிச்சுட்டு, மருந்து போட்டிருந்த எடத்துலயே அவன் நெனச்சதை முடிச்சான். அன்னைக்கு நான் எங்க விழுந்தேன்னு எழுதல. எங்கயும் விழல. கட்டில்ல கெடந்தேன்.

மார்ச் ஏழு, எவன்ட்ட வாங்குனன்னு கேட்டான். டாக்டரம்மா சொன்னதைச் சொன்னேன், யாருட்ட இருந்துன்னு சொல்ல முடியாதுன்னேன். அதோட நிறுத்தியிருக்கலாம். "லாரியில போன எடமெல்லாம் ஒனக்குத் தெரியுமே, கணக்கு நீ சொல்லு"ன்னேன். மொகத்துல குத்தி, கீழ தள்ளி, நெஞ்சுல முட்டிபோட்டு உக்காந்து, மிச்சமிருந்த கவரையெல்லாம் ஒண்ணொண்ணாப் பிச்சு என் வாயில தேய்ச்சான். "இந்தா, மருந்துதான, தின்னு, தின்னுடி"ன்னு தேய்ச்சான். ஒதடு எட்டு நாள் உரிஞ்சுச்சு. மீன் முள்ளுன்னு எழுதினேன். இருவது வருசமா முள்ளு எடுக்குறவளுக்கு முள்ளு குத்துச்சாம், வெக்கமா இல்ல எனக்கு?

சிஸ்டர் எல்லாத்தையும் கேட்டாக. ஏன் சொல்லலன்னு கேக்கல. அது ஒண்ணுக்காகவே அவுக காலைத் தொட்டுக் கும்புடலாம். ஒரு தாள்ல பொம்பளைகளுக்கான உதவி நம்பரையும் மகளிர் ஸ்டேஷன் போற வழியையும் எழுதிக் குடுத்தாக. "ஒன் உசுருக்கு ஒரே நேரத்துல ரெண்டு ஆபத்து. ஒண்ணைத் தேவைப்பட்டா டாக்டர் வெட்டியே எடுப்பாக"ன்னாக. ரெண்டாவதை அவுக சொல்லல.

மே 2, வெள்ளி

முடிவு வந்துருச்சு. இன்னும் உள்ள எறங்கல. ஆனா எல்லைக்கு வந்து நிக்கிது, இனிமே கிரீமுக்கு மல்லுக்கட்ட நேரமில்ல, வெட்டித்தான் எடுக்கணும்னு டாக்டரம்மா சொன்னாக. செவ்வாக்கெழமை. வீட்டுக்காரர் கையெழுத்து வேணுமான்னு கேட்டேன். "ஒன் ஒடம்புக்கு ஒன் கையெழுத்துத்தான்"னாக.

போட்டேன். ஒன்பதாப்பு கையெழுத்து, கோணமாணலா, ஆனா அழுத்தி.

மே 8, வியாழன்

முதுகுல ஊசி போட்டாக. இடுப்புக்குக் கீழ நானே இல்ல. காலைத் தூக்கிக் கட்டி, வெளிச்சத்தைப் போட்டாக. வாழ்க்கையில முத தடவை நான் பலகைமேல, கத்தி இன்னொருத்தர் கையில. பயத்துல வாய் சும்மா இருக்கல.

"எம்புட்டு ஓரம் விட்டு வெட்டுவீக டாக்டரம்மா?"

"கெட்ட எடத்தைச் சுத்தி நல்ல தோலும் கொஞ்சம் சேத்து எடுக்கணும். அப்பத்தான் மிச்சம் நிக்காது."

"சரிதான். கெட்ட மீன்ல நாங்களும் அப்புடித்தான். ஓரம் தாராளமா எடுங்க, நல்லதுக்கு ஆசைப்பட்டு விட்டுராதீக."

மரத்தது தெளிஞ்ச பெறகு கண்டேன் நரகம். தையலு, மூத்திர டியூப்பு, இருமுனா ஆயிரம் முள்ளு. கட்டில் கம்பியைப் புடிச்சுக்கிட்டு எல்லாச் சாமியையும் வஞ்சேன்.

நேத்து சாயங்காலம் அவன் வந்தான், ஆரஞ்சுப் பழத்தோட. வெள்ளைச் சட்டை, நெத்தியில துன்னூறு. சிஸ்டரைக் கும்புட்டு, "எம் பொஞ்சாதிய நல்லாப் பாத்துக்கங்கம்மா"ன்னான். எப்ப சரியாகும்னு கேட்டான். ஆறு வாரம் பக்கத்துலயே போகக்கூடாதுன்னாக. சிரிச்சான். சிஸ்டர் அங்கிட்டுத் திரும்புனதும் குளுக்கோஸ் ஏறுற என் கையைப் புடிச்சு, ஊசிமேலயே கட்டைவெரலை வச்சு அமுக்குனான். டியூப்புல ரத்தம் மேல ஏறுச்சு. "வீட்டுக்கு வா"ன்னான், சிரிச்சுக்கிட்டே.

நான் ஐஸ் பெட்டி மூடின்னு சாக்குத் தேடல. அவன் கையைப் பாத்தேன். மணிக்கட்டு. கெளுத்தி மீனை எந்த எலும்புல தட்டுனா சாகும்னு தெரிஞ்சவ நான்.

மே 12, திங்கள்

வீட்டுக்கு அனுப்பிட்டாக. சீனியம்மா, "எங்க வீட்டுக்கு வா மதினி"ன்னு கெஞ்சுனா. இது எங்காத்தா கட்டுன வீடு, நான் எதுக்குப் போகணும்? அவன்தான் மூட்டையைக் கட்டணும். போயிருடான்னு வாசல்ல வச்சே சொன்னேன். போகலாம் போகலாம்னு உள்ள வந்து டிவியைப் போட்டான்.

சீனியம்மா போகும்போது மார்க்கெட்ல ஐஸ் ஒடைக்கிற கட்டையை என் தலைமாட்டுல வச்சுட்டுப் போனா. புளியமரத்துது, நல்ல கனம். "எலி வருது மதினி, எதுக்கும் இருக்கட்டும்"னா. எங்க வீட்டுல எலி கெடையாது, அவளுக்கும் தெரியும்.

மே 16, வெள்ளி

மத்தியானம் ரெண்டு மணி. வெதுவெதுன்னு தண்ணி வச்சு அலுமினியச் சட்டியில உக்காந்து கழுவணும், அது தெனம் மூணு வேளை வேலை. அதை முடிச்சு எந்திரிச்சேன். அவன் குடிச்சுட்டு வந்து கதவுக்குத் தாப்பாள் போட்டான்.

"பத்து நாள் ஆச்சு."

"ஆறு வாரம்னு ஒனக்கு முன்னாடிதான சொன்னாக."

"யாருடி அவ எனக்கு நாள் குறிக்க?"

தோளைப் புடிச்சுத் தள்ளுனான். சுவத்துல மோதுனேன். தையல் ஒண்ணு பட்டுன்னு விட்டது எனக்கே கேட்டுச்சு, தொடையில சூடா ரத்தம் எறங்குச்சு. அந்த ரத்தத்தைப் பாத்துத்தான் எனக்கு வெறி வந்துச்சு. எனக்காக வந்த வெறிகூட இல்ல அது. டாக்டரம்மா அவ்வளவு பதமா, அவ்வளவு நேரம் நின்னுக்கிட்டே தச்ச தையலு! நாசமாப் போறவனே, அதைப் பிச்சுட்டியேடா!

அவன் மறுபடியும் கையை ஓங்குனான். நான் கட்டையை எடுத்திருந்தேன். ஐஸ் பாறையை ரெண்டே போடுல நொறுக்குற கை இது. ஓங்குன மணிக்கட்டுல ஒண்ணு வச்சேன். காஞ்ச வெறகு முறியுற சத்தம். அவன் அலறிக்கிட்டுக் குனிஞ்சான், தோள்பட்டையில ரெண்டாவது. தரையில விழுந்தான். மூணாவதுக்குத் தலைக்கு மேல ஓங்கிட்டேன். தலை அங்கனதான் இருந்துச்சு, பாறைமீன் தலை மாதிரி, கண்ணைத் தொறந்துக்கிட்டு. இருவத்தொம்பது வருசத்தையும் அந்த ஒரே போடுல முடிச்சிருப்பேன்.

"வேணாம் பஞ்சு, வேணாம்"னு அழுதான். நான் வேணாம்னு சொன்னப்பெல்லாம் அவனுக்கு என்ன கேட்டுச்சோ தெரியல. எனக்குக் கேட்டுச்சு. கட்டையை எறக்குனேன். தாப்பாளைத் தொறந்தேன். "போ"ன்னேன். கையைத் தூக்கிப் புடிச்சுக்கிட்டு, செருப்புக்கூடப் போடாம போனான்.

சிஸ்டர், நீங்க படிப்பீகன்னு தெரிஞ்சே எழுதுறேன். விழல. மூடி அடிக்கல. நான்தான் அடிச்சேன்.

அப்புறம் ஆட்டோ புடிச்சு ஆஸ்பத்திரிக்கு வந்தேன், விட்ட தையலை மறுபடியும் போட்டாக.

மே 21, புதன்

திங்கக்கெழமை மகளிர் ஸ்டேஷன்ல புகார் குடுத்தேன். டைரியையும் குடுத்தேன், இதைத் துண்டுத் தாள்ல எழுதுறேன். இன்னைக்கு அவனைக் கூப்புட்டிருந்தாக. கையில மாவுக்கட்டு, கழுத்துல தூளி. அவனுக்குத் தொணைக்கு அவன் அக்கா வீட்டுக்காரரு வந்திருந்தாரு, எனக்கு சீனியம்மா. நான் நின்னுக்கிட்டே இருந்தேன், உக்கார முடியாதுன்னு எஸ்.ஐ. அம்மாட்டச் சொன்னேன். ஏன்னு கேட்டாக. இந்தத் தடவை அந்த எடத்துப் பேரை அப்புடியே சொன்னேன், வையுறப்ப சொல்ற மாதிரி இல்ல, கை காலுன்னு சொல்ற மாதிரி. ஆம்பளைக ரெண்டு பேரும் தரையைப் பாத்தாய்ங்க.

எஸ்.ஐ. அம்மா எல்லாத்தையும் அவன்ட்ட கேட்டாக. அப்புறம் பேனாவால மாவுக்கட்டைக் காட்டி, "கையில என்னய்யா?"ன்னாக.

அவன் என்னைப் பாத்தான். சீனியம்மாவைப் பாத்தான். நாலு பொம்பளைப் போலீசு நிக்கிறாக. மச்சான்காரன் காதைத் தீட்டிக்கிட்டு இருக்காரு. பொஞ்சாதி அடிச்சு ஒடைச்சான்னு அவன் வாயில எப்புடி வரும்?

"ஐஸ் பெட்டி மூடி விழுந்துருச்சு மேடம்."

மேசைமேல என் டைரி விரிச்சுக் கெடந்துச்சு. எஸ்.ஐ. அம்மா செவப்புச் சுழி பக்கத்தை எடுத்தாக, படிச்சாக. மே பதினாறாம் தேதியைத் திருப்பினாக, அதையும் படிச்சாக. என்னை ஒரு தடவை நிமிந்து பாத்தாக. டைரியை மூடுனாக.

"ஏட்டம்மா, எழுதிக்கங்க. கையில காயம், ஐஸ் பெட்டி மூடி விழுந்ததால ஏற்பட்டது. அவரே சொன்னது." அவன் பக்கம் தாளைத் தள்ளுனாக. "கையெழுத்துப் போடுய்யா. எடது கையால போடு."

போட்டான். சீனியம்மா வெளிய ஓடிப்போயி செவுத்தைப் புடிச்சுக்கிட்டுச் சிரிச்சா. எனக்கும் சிரிப்பு வந்துச்சு, தையல் இழுத்ததால அடக்கிக்கிட்டேன். அவன் மேல வழக்குப் போட்டுட்டாக. வீட்டுப்பக்கம் வரக்கூடாதுன்னும் எழுதி வாங்குனாக. சாயங்காலம் பூட்டை மாத்துனேன்.

மே 26, திங்கள்

வெட்டி எடுத்ததோட முடிவு வந்துருச்சு. எங்கயும் உள்ள எறங்கல. ஓரமெல்லாம் சுத்தம். ஆனாலும் ஆறு மாசத்துக்கு ஒரு தடவை வந்து காட்டணும், இது திரும்பி வர்ற சாதின்னு டாக்டரம்மா சொன்னாக. வந்தா வரட்டும், நானும் வருவேன்னேன்.

சிஸ்டர் டைரியைக் கேட்டாக. ஸ்டேஷன்ல இருக்கு, இது ஐஸ் கம்பெனிக்காரன்ட்ட கேட்டு வாங்குன இன்னொண்ணுன்னேன். வாங்கிப் பாத்துட்டு, மொத பக்கத்துல தேதியை அவுகளே போட்டுக் குடுத்தாக.

தையல் கொஞ்சம் எரியுது. சீனியம்மா மறுபடியும் கொண்டாந்த ஆட்டோ டியூப்பைப் போட்டு அரை மணி நேரம் உக்காந்தேன். விழல.